195 போர்க்கைதிகள்: தொடங்காமலே முடிந்த ஒரு வழக்கு

எதைப் பற்றிய ஆய்வு

1971-இல் கிழக்கு பாகிஸ்தானில் (இன்றைய வங்கதேசத்தில்) வங்காளிகளுக்கு நடந்ததை இனப்படுகொலை என்று உலகம் ஏற்கவேண்டும் என்ற கோரிக்கைக்கு அரை நூற்றாண்டுக்கு மேல் வயதாகிவிட்டது. ஏன் இன்னும் ஏற்கப்படவில்லை என்று கேட்டால், அன்று அமெரிக்காவும் சீனாவும் பாகிஸ்தான் பக்கம் நின்றன என்ற பதில்தான் வழக்கமாக வரும். அது பாதி உண்மை. மீதிப் பாதி 1972 முதல் 1974 வரை டாக்காவிலும் டெல்லியிலும் இஸ்லாமாபாத்திலும் எடுக்கப்பட்ட முடிவுகளில் இருக்கிறது.

அந்த முடிவுகளில் ஒன்றை மட்டும் இங்கே எடுத்துக்கொள்கிறோம். இனப்படுகொலை, போர்க்குற்றம், மனிதகுலத்துக்கு எதிரான குற்றம் ஆகியவற்றுக்காக 195 பாகிஸ்தானியப் போர்க்கைதிகளை விசாரிக்கப்போவதாக வங்கதேசம் அறிவித்தது. ஒருநாள் விசாரணைகூட நடக்காமல் அனைவரும் நாடு திரும்பினார்கள். அவர்களின் பெயர்களை இங்கே தரவில்லை. அவர்களில் எவர் மீதான குற்றமும் நிரூபிக்கப்படவும் இல்லை, மறுக்கப்படவும் இல்லை. சிக்கலே அதுதான்.

பின்னணி

1970 டிசம்பர் தேர்தலில் கிழக்கு பாகிஸ்தானின் 162 பொதுத் தொகுதிகளில் 160-ஐ ஷேக் முஜிபுர் ரஹ்மானின் அவாமி லீக் கட்சி வென்றது. ஒட்டுமொத்தப் பாகிஸ்தான் நாடாளுமன்றத்துக்கும் அதுவே பெரும்பான்மை. ஆட்சியை ஒப்படைக்க மனமில்லாத ராணுவ அரசு, பேச்சுவார்த்தையை இழுத்தடித்துக்கொண்டே கிழக்கில் படைகளைச் சேர்த்தது. 1971 பிப்ரவரியில் இந்தியா தன் வான்வழியை மூடியதால், கராச்சியிலிருந்து டாக்கா சென்ற விமானங்கள் கொழும்பில் இறங்கி எரிபொருள் நிரப்பிப் போயின. இலங்கைக்கும் இந்த வழக்குக்கும் உள்ள தொடர்பு இந்த அளவில்தான். ஆனால் தாக்குதல் முன்கூட்டியே திட்டமிடப்பட்டதா என்று ஆராயும் எந்த நீதிமன்றமும் இப்படிப்பட்ட போக்குவரத்துப் பதிவுகளைத்தான் முதலில் கேட்கும்.

மார்ச் 25 இரவு 'ஆபரேஷன் சர்ச்லைட்' தொடங்கியது. டாக்கா பல்கலைக்கழகம், ராஜர்பாக் காவலர் முகாம், பீல்கானாவில் இருந்த கிழக்கு பாகிஸ்தான் ரைஃபிள்ஸ் தலைமையகம், பழைய டாக்காவின் இந்துத் தெருக்கள் ஆகியவை முதல் இலக்குகள். அடுத்த ஒன்பது மாதங்களில் சுமார் ஒரு கோடிப் பேர் அகதிகளாக இந்தியாவுக்குள் வந்தார்கள். அவர்களில் பெரும்பான்மையினர் இந்துக்கள். ராணுவத்துக்குத் துணையாக ரஜாக்கர், அல்-பத்ர், அல்-ஷம்ஸ் ஆகிய உள்ளூர்ப் படைகள் உருவாயின. சரணடைவதற்கு இரண்டு நாள் முன்னதாக, டிசம்பர் 14 அன்று, பேராசிரியர்களும் மருத்துவர்களும் பத்திரிகையாளர்களும் வீடுகளிலிருந்து கண்ணைக் கட்டி அழைத்துச் செல்லப்பட்டனர். அவர்களின் உடல்கள் ராயேர்பஜார் செங்கல்சூளைப் பள்ளங்களிலும் மிர்பூரிலும் கிடைத்தன.

டிசம்பர் 16 அன்று ராணுவம் சரணடைந்தது. குடும்பத்தினரையும் சிவிலியன்களையும் சேர்த்து சுமார் 93,000 பேர் கைதிகளாயினர். சரணாகதி ஆவணத்தில் ஒரு விவரம் பின்னாளில் பெரிதாகப் பேசப்பட்டது. அவர்கள் இந்தியாவிடம் மட்டும் சரணடையவில்லை, இந்திய-வங்கதேசக் கூட்டுப் படைத் தலைமையிடம் சரணடைந்தார்கள். ஆகவே டாக்காவின் ஒப்புதல் இல்லாமல் அவர்களை விடுவிக்க இயலாது என்று இந்தியா சொல்ல முடிந்தது. ஆனால் கைதிகளைப் பாதுகாப்புக்காக இந்தியாவுக்குக் கொண்டுபோய் முகாம்களில் வைத்தார்கள். குற்றம் நடந்த மண் ஒரு நாட்டிலும், குற்றம் சாட்டப்பட்டவர்கள் இன்னொரு நாட்டிலும், அவர்களைப் பற்றிய ராணுவ ஆவணங்கள் மூன்றாவது நாட்டிலும் சிதறின.

கையில் இருந்த சான்றுகள்

சான்று இல்லாததால் வழக்கு கைவிடப்பட்டது என்று சிலர் எழுதுவதுண்டு. அது சரியில்லை. அந்தக் காலத்துக்கு அசாதாரணமான சான்றுகள் இருந்தன.

மார்ச் 26 காலை, பொறியியல் பல்கலைக்கழகக் குடியிருப்பில் இருந்த ஒரு பேராசிரியர் தன் ஜன்னலிலிருந்து வீடியோ கேமராவில் ஜகந்நாத் ஹால் மைதானத்தைப் படம்பிடித்தார். அது இந்து மாணவர்களின் விடுதி. விடுதியிலிருந்து உடல்களைச் சுமந்துவந்து புல்தரையில் கிடத்தும்படி சிலர் ஏவப்படுகிறார்கள். பிறகு சுமந்தவர்களையே வரிசையாக நிறுத்திச் சுடுகிறார்கள். உருவங்கள் சிறியவை, தூரம் அதிகம், முகம் தெரியாது. ஆனால் நிராயுதபாணிகள் சுடப்பட்டார்கள் என்பதில் ஐயத்துக்கு இடமில்லை.

அதற்கு முந்தைய இரவில் நகரின் இன்னொரு பகுதியில், அணுசக்தி ஆய்வு மையத்தைச் சேர்ந்த ஒருவர் ராணுவ வயர்லெஸ் உரையாடல்களை வானொலியில் பிடித்து ஒலிநாடாவில் பதிந்தார். பல்கலைக்கழகத்தில் எத்தனை பேர் என்று கட்டுப்பாட்டு மையத்திலிருந்து ஒரு குரல் கேட்கிறது. ஏறத்தாழ 300 என்று களத்திலிருந்து பதில் வருகிறது. காயம்பட்டோர், பிடிபட்டோர் உண்டா என்ற கேள்விக்கு, 300 பேரும் கொல்லப்பட்டார்கள் என்பதே மறுமொழி.

இந்த இரண்டையும் சேர்த்துப் பார்க்கவேண்டும். படம் செயலைக் காட்டுகிறது, உத்தரவைக் காட்டாது. ஒலிநாடா உத்தரவுச் சங்கிலியைக் காட்டுகிறது, செயலைக் காட்டாது. இடம், நேரம், படைப்பிரிவின் அழைப்புக் குறி, அன்றைக்குப் பொறுப்பில் இருந்த அதிகாரி என நான்கையும் பொருத்திவிட்டால் மேலதிகாரியின் பொறுப்பு வரை வழக்கை ஏற்றலாம். 195 பேருக்கான வழக்கின் முதுகெலும்பு இப்படித்தான் அமைந்திருக்க வேண்டும்.

வெளியார் சாட்சியமும் இருந்தது. டாக்காவிலிருந்த அமெரிக்கத் துணைத் தூதரகம் மார்ச் 28 அன்றே 'தேர்ந்தெடுத்து நடத்தப்படும் இனப்படுகொலை' என்ற தலைப்பில் வாஷிங்டனுக்குத் தந்தி அனுப்பியது. ஏப்ரல் 6 அன்று அதே அலுவலகத்தினர் தங்கள் அரசின் மௌனத்தைக் கண்டித்துக் கையெழுத்திட்டு அனுப்பினார்கள். ராணுவமே அழைத்துச்சென்று சுற்றிக்காட்டிய கராச்சிப் பத்திரிகையாளர் ஒருவர் லண்டனுக்குத் தப்பி, ஜூன் 13 அன்று 'சண்டே டைம்ஸ்' இதழில் தான் பார்த்ததை வெளியிட்டார். அதிகாரிகள் அவர் முன்னிலையிலேயே வெளிப்படையாகப் பேசியிருந்தார்கள்.

இழந்த சான்றுகளும் உண்டு. பாலியல் வன்முறைக்கு ஆளான பெண்களுக்கு 'பீராங்கனா' (வீரப் பெண்) என்று பட்டம் கொடுத்து, 1972-இல் மறுவாழ்வு மையங்கள் திறக்கப்பட்டன. ஊரார் பேச்சிலிருந்து அவர்களைக் காக்க அங்கிருந்த பதிவேடுகள் பல அழிக்கப்பட்டன. அன்றைய சமூக நிலையில் அந்த முடிவின் காரணம் புரிகிறது. ஆனால் பெயரை மறைப்பதும் கோப்பை எரிப்பதும் ஒன்றல்ல. குறியீட்டு எண் இட்டு, பெயர்ப் பட்டியலைத் தனியாக முத்திரையிட்டு வைத்திருந்தால் மானமும் காப்பாற்றப்பட்டிருக்கும், சான்றும் நின்றிருக்கும். பாதிக்கப்பட்ட பெண்கள் இரண்டு லட்சம் முதல் நான்கு லட்சம் வரை என்று இன்றும் இவ்வளவு அகலமான இடைவெளியில் சொல்லவேண்டியிருப்பதற்கு இது ஒரு காரணம்.

முதல் முடிவு: உள்ளூர்க்காரர்களை முதலில் பிடிப்பது

1972 ஜனவரி 24 அன்று, பாகிஸ்தான் ராணுவத்துக்குத் துணைபோன ஒத்துழைப்பாளர்கள் மீதான சிறப்புத் தீர்ப்பாய ஆணை பிறப்பிக்கப்பட்டது. 37,471 பேர் பிடிக்கப்பட்டனர். அடுத்த ஆண்டு அக்டோபர் வரை 2,848 வழக்குகள் முடிந்தன. 752 பேருக்குத் தண்டனை, 2,096 பேருக்கு விடுதலை. நான்கில் மூன்று பேர் விடுதலையாகியிருக்கிறார்கள் என்றால், பழிதீர்க்கும் புகார்களையும் உண்மையான புகார்களையும் பிரிக்க ஆளில்லாமல் காவல் நிலையங்கள் திணறின என்று பொருள்.

இந்த ஆணை உள்ளூர்த் துணைவர்களுக்கானது, போர்க்கைதிகளுக்குப் பொருந்தாது. அவர்களை விசாரிப்பதற்கான சட்டம் 1973 ஜூலை 20 அன்றுதான் வந்தது. அதாவது சரணடைந்து 19 மாதங்கள் கழித்து.

இந்தத் தாமதம் ஏன் முக்கியம் என்பதற்கு மூன்றாம் ஜெனீவா ஒப்பந்தத்தைப் பார்க்கவேண்டும். 118-ஆம் பிரிவின்படி, சண்டை ஓய்ந்ததும் கைதிகளைத் தாமதமின்றித் திருப்பி அனுப்பவேண்டும். விதிவிலக்கு 119-இல் இருக்கிறது. யார் மீது குற்ற வழக்கு நிலுவையில் உள்ளதோ அவர்களை மட்டும் வழக்கு முடியும் வரை வைத்துக்கொள்ளலாம். நிலுவையில் ஒரு வழக்கு இருக்கவேண்டுமானால் முதலில் ஒரு சட்டம், பிறகு ஒரு நீதிமன்றம், அதன் பிறகு ஒரு குற்றப்பத்திரிகை வேண்டும். 1972 முழுக்க மூன்றுமே இல்லை. கைதிகளை வைத்திருக்கச் சட்ட ஆதாரம் மாதாமாதம் தேய்ந்தது, பாகிஸ்தான் அதிபர் பூட்டோவின் குரல் மாதாமாதம் உயர்ந்தது.

1,100, 150, 195

1972 மார்ச் இறுதியில் சுமார் 1,100 ராணுவத்தினர் விசாரிக்கப்படுவார்கள் என்று டாக்கா சொன்னது. ஜூன் மாதம் முதற்கட்டமாக 150 பேரை ஒப்படைக்க இந்தியா இசைந்தது. 1973 ஏப்ரல் 17 அன்று எண்ணிக்கை 195 என்று முடிவாகி, மே மாத இறுதிக்குள் டாக்காவில் சிறப்புத் தீர்ப்பாயம் தொடங்கும் என்ற அறிவிப்பு வெளிவந்தது. அதே நாளில் இந்தியாவும் வங்கதேசமும் கூட்டறிக்கை விட்டு, அந்த 195 பேர் நீங்கலாக மற்ற கைதிகள் அனைவரையும் திருப்பி அனுப்பத் தயார் என்றன. பதிலுக்குப் பாகிஸ்தானில் சிக்கிய வங்காளிகள் திரும்பவேண்டும்.

பட்டியல் சுருங்கியதைப் பலவீனம் என்று மட்டும் பார்க்கக் கூடாது. சட்ட நோக்கில் அது சரியான திசை. ஆயிரம் பேரை விசாரிக்க நீதிபதிகளும் வழக்கறிஞர்களும் புதிய நாட்டில் இல்லை. தவறு வேறு இடத்தில் நடந்தது. பட்டியலை அறிவித்துவிட்டு அதைப் பேச்சுவார்த்தைப் பொட்டலத்துக்குள் வைத்தார்கள். அறிவித்த நாளிலேயே 195 என்பது வழக்கு எண்ணாக இல்லாமல் பேரத் தொகையாக மாறியது.

குற்றச்சாட்டுகளின் வகைப்பாட்டிலும் ஒரு நுணுக்கம் உண்டு. அறிவிப்பு ஜெனீவா ஒப்பந்தங்களின் பொதுப் பிரிவு 3-ஐ, அதாவது உள்நாட்டு மோதலுக்கான பிரிவைக் குறிப்பிட்டது. காரணம், 1971 டிசம்பர் தொடக்கம் வரை இது சட்டப்படி ஓர் உள்நாட்டு மோதல். கொல்லப்பட்ட வங்காளிகள் அப்போது பாகிஸ்தான் குடிமக்கள். ஒரு நாட்டு ராணுவம் தன் குடிமக்களுக்கு இழைத்த கொடுமையை, பகை நாட்டு மக்களைக் காக்கும் நான்காம் ஒப்பந்தத்தின் கடுமையான விதிகளுக்குள் கொண்டுவர முடியாது. ஆகவே இனப்படுகொலையும் மனிதகுலத்துக்கு எதிரான குற்றமும்தான் எஞ்சிய வலுவான தலைப்புகள்.

ஹேக்: ஏழு மாத வழக்கு

1973 மே 11 அன்று பாகிஸ்தான் ஹேக் நகரிலுள்ள சர்வதேச நீதிமன்றத்தை நாடியது. 195 பேரை இந்தியா வங்கதேசத்திடம் ஒப்படைக்கக் கூடாது என்பது மனு. ஆதாரம் இனப்படுகொலைத் தடுப்பு ஒப்பந்தம். அதன் 6-ஆம் பிரிவு, குற்றம் நடந்த நிலப்பரப்புக்குரிய நாட்டின் நீதிமன்றமோ சர்வதேசத் தீர்ப்பாயமோதான் விசாரிக்கலாம் என்கிறது. குற்றம் நடந்தபோது அந்த மண் பாகிஸ்தான், ஆகவே விசாரிக்கும் உரிமை எங்களுக்கே உரியது என்று வாதிட்டார்கள். குற்றத்தை மறுத்துவந்த அரசு, அந்தக் குற்றத்தை விசாரிக்கும் தனி உரிமையைக் கோரியது வேடிக்கைதான். ஆனால் சட்ட வாதமாக அது முட்டாள்தனமானது அல்ல.

1959-இல் ஒப்பந்தத்தை ஏற்றபோதே, ஒவ்வொரு வழக்குக்கும் தன் சம்மதம் தேவை என்று, தகராறுகளைச் சர்வதேச நீதிமன்றத்துக்குக் கொண்டுபோகும் 9-ஆம் பிரிவுக்கு இந்தியா விலக்கு வைத்திருந்தது. அதைக் காட்டி நீதிமன்றத்தின் அதிகாரத்தை ஏற்க மறுத்தது. வங்கதேசம் அப்போது ஒப்பந்தத்தில் சேரவே இல்லை (1998 அக்டோபரில்தான் சேர்ந்தது). டிசம்பரில் பாகிஸ்தானே மனுவைத் திரும்பப் பெற, டிசம்பர் 15 அன்று வழக்கு பட்டியலிலிருந்து நீக்கப்பட்டது. 1971 நிகழ்வுகள் உலக நீதிமன்றத்தின் வாசலுக்கு வந்தது இந்த ஒரு முறைதான். வாசல் வரை கொண்டுவந்தது குற்றம் சாட்டப்பட்ட தரப்பு.

அழுத்தங்கள்

வங்கதேசப் பிரதமர் முஜிபின் அரசு மீது பல பக்கத்திலிருந்து சுமை விழுந்தது. பாகிஸ்தானில் வங்காளி அரசு ஊழியர்களும் ராணுவத்தினரும் குடும்பங்களும் மாட்டிக்கொண்டிருந்தார்கள். 195 பேரை விசாரித்தால் அவர்களில் 203 பேரைத் தேசத்துரோகத்துக்கும் உளவுக்கும் விசாரிப்போம் என்று இஸ்லாமாபாத் சொன்னது. பிணைக்கைதி அரசியல் என்பதைத் தவிர அதற்கு வேறு பெயர் இல்லை. 1972 ஆகஸ்ட் 25 அன்று வங்கதேசத்தின் ஐ.நா. விண்ணப்பத்தைச் சீனா வீட்டோ செய்தது. போர்க்கைதிகள் விவகாரமே அதற்குச் சொன்ன காரணங்களில் முக்கியமானது. பாகிஸ்தான் அங்கீகரிக்கும் வரை பல அரபு நாடுகளும் தயங்கின. இந்தியாவுக்கோ 90,000-க்கு மேற்பட்டவர்களுக்குச் சோறு போட்டுக் காவல் காப்பது செலவாகவும் அவப்பெயராகவும் ஆகிவந்தது.

1973 ஜூலை 15 அன்று நிறைவேறிய, இத்தகைய விசாரணைக்கு வழிவிட்ட முதல் அரசியல் சட்டத் திருத்தத்தையும் அடுத்த வாரம் வந்த சர்வதேசக் குற்றத் தீர்ப்பாயச் சட்டத்தையும் இந்தப் பின்னணியில் படிக்கவேண்டும். சட்டம் காலத்தை முந்தியது. மேலதிகாரிப் பொறுப்பை எழுத்தில் வைத்தது. ஐ.நா. வரையறையில் இல்லாத அரசியல் குழுவையும் இனப்படுகொலையின் வரையறைக்குள் சேர்த்தது. கருவி தயாரானபோது அதைப் பயன்படுத்தும் அரசியல் நேரம் முடிந்துவிட்டிருந்தது. ஐந்து வாரம்தான் இடைவெளி: ஆகஸ்ட் 28 அன்று கையெழுத்தான டெல்லி ஒப்பந்தம், ஆள் பரிமாற்றம் நடக்கும் காலம் முழுக்க 195 பேர் மீது விசாரணை இல்லை என்று சொன்னது. அவர்களின் கதியை மூன்று நாடுகளும் கூடி முடிவுசெய்யும். சம அந்தஸ்து இல்லாமல் அந்த மேசையில் உட்கார மாட்டேன் என்று வங்கதேசம் நிபந்தனை வைத்தது. அதாவது அங்கீகாரத்துக்கான விலையாக விசாரணை மேசையில் வைக்கப்பட்டது.

1974 ஏப்ரல் 9

பிப்ரவரி 22 அன்று லாகூர் இஸ்லாமிய உச்சி மாநாட்டையொட்டிப் பாகிஸ்தான் வங்கதேசத்தை அங்கீகரித்தது. மறுநாள் முஜிப் லாகூர் சென்றார். ஏப்ரல் 9 அன்று டெல்லியில் மூன்று வெளியுறவுத் தலைவர்களும் முத்தரப்பு ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டனர்.

அதன் வாசகத்தைப் பொறுமையாகப் படித்தால் பேரத்தின் உட்புறம் தெரியும். அந்தக் கைதிகள் செய்தவை போர்க்குற்றம், மனிதகுலத்துக்கு எதிரான குற்றம், இனப்படுகொலை என்று வங்கதேச அமைச்சர் *கூறினார்* என்று இருக்கிறது. நடந்திருக்கக்கூடிய குற்றங்கள் எவையானாலும் அவற்றைக் கண்டித்து வருந்துவதாகப் பாகிஸ்தான் அமைச்சர் *கூறினார்* என்று இருக்கிறது. மூன்று தரப்பும் சேர்ந்து ஒப்புக்கொண்ட கண்டறிவு ஒன்றுகூட இல்லை. பிறகு, கருணையின் பேரில் விசாரணையைத் தொடர்வதில்லை என்ற வங்கதேசத்தின் முடிவு. பாகிஸ்தான் அவர்களைத் தானே விசாரிக்கும் என்று வாக்குறுதி தந்ததாகப் பின்னாளில் டாக்காவில் பலர் பேசினார்கள். ஒப்பந்தத்தில் அப்படி ஒரு வரி இல்லை.

அந்த மாத இறுதிக்குள் கடைசிக் கைதியும் வாகா எல்லையைக் கடந்தார். செப்டம்பர் 17 அன்று வங்கதேசம் ஐ.நா. உறுப்பினரானது. பாகிஸ்தானிலிருந்து சுமார் 1,20,000 வங்காளிகள் வீடு திரும்பினார்கள். இந்தப் பலன்களைச் சின்னவை என்று சொல்ல யாருக்கும் உரிமையில்லை. திரும்பி வந்தவர்கள் உயிருள்ள மனிதர்கள்.

பின்விளைவுகள்

1971 தோல்வியை ஆராயப் பாகிஸ்தான் அமைத்த ஹமூதுர் ரஹ்மான் ஆணையம் சில அதிகாரிகளை விசாரிக்கப் பரிந்துரைத்தது. எவரும் விசாரிக்கப்படவில்லை. ராணுவத் தலைமையகம் கொடுத்த 26,000 என்ற சாவு எண்ணிக்கையையே ஏறக்குறைய ஏற்ற அந்த அறிக்கையும் 2000-ஆம் ஆண்டு வரை பூட்டிக் கிடந்தது.

வங்கதேசத்தில் 1973 நவம்பர் 30 அன்று ஒத்துழைப்பாளர்களுக்குப் பொதுமன்னிப்பு அறிவிக்கப்பட்டது. கொலை, பாலியல் வன்முறை, தீவைப்பு போன்றவற்றுக்கு விலக்கு உண்டு. முஜிப் கொல்லப்பட்ட பின், 1975 டிசம்பர் 31 அன்று ஒத்துழைப்பாளர் ஆணையே ரத்தானது. 1973 சட்டம் மட்டும் யாரும் தொடாமல் புத்தகத்தில் கிடந்தது. 2009-இல் சிவிலியன்களையும் விசாரிக்கும்படி திருத்தி, 2010 மார்ச் 25 அன்று தீர்ப்பாயம் அமைத்தார்கள்.

அங்கே எதிர்த்தரப்பு வழக்கறிஞர்கள் எழுப்பிய முக்கிய வாதம் 195 பேரிலிருந்தே பிறந்தது. முதன்மைக் குற்றவாளிகளை விட்டுவிட்டுத் துணைபோனவர்களை மட்டும் எப்படி விசாரிக்கலாம் என்றார்கள். இப்படிப்பட்ட குற்றங்களுக்கு ஓர் அரசு நிர்வாக ஒப்பந்தத்தால் விலக்களிக்க முடியாது என்று தீர்ப்பாயம் மறுத்தது. சட்டப்படி சரியான பதில். ஆனாலும் உத்தரவிட்டவர் இல்லாத வழக்கில் உத்தரவுச் சங்கிலியை நிறுவ வழியில்லை. தீர்ப்புகள் கிராமக் கிராமமாக, ஆள் ஆளாக நின்றன.

நடைமுறைக் குறைகள் இன்னும் கெடுத்தன. தீர்ப்பாயத் தலைவர் ஒருவர் வெளிநாட்டிலிருந்த வழக்கறிஞருடன் பேசிய உரையாடல்கள் கசிந்ததும் 2012 டிசம்பரில் விலகினார். எதிர்த்தரப்புக்காக வந்த ஒரு சாட்சி தீர்ப்பாய வாசலிலேயே மறைந்துபோய், மாதங்கள் கழித்து இந்தியச் சிறையொன்றில் இருப்பது தெரிந்தது. 2013-இல் ஒருவருக்கு அளித்த ஆயுள் தண்டனை போதாது, தூக்கு வேண்டும் என்று டாக்காவின் ஷாபாக் சதுக்கத்தில் கூட்டம் திரண்டதும், அரசுத் தரப்பு மேல்முறையீடு செய்யும்படி சட்டம் பின்தேதியிட்டு மாற்றப்பட்டது. அவர் டிசம்பரில் தூக்கிலிடப்பட்டார். வெளிநாடுகளில் அங்கீகாரம் கேட்டுப் போகிறவர்களிடம் முதலில் வீசப்படும் கேள்விகள் இவைதான்.

அங்கீகாரக் கோரிக்கை முட்டும் இடங்கள்

எந்தக் குழுவுக்கு எதிரான இனப்படுகொலை என்பது முதல் முட்டுக்கட்டை. ஐ.நா. ஒப்பந்தம் தேசிய, இன, நிற, மதக் குழுக்களை மட்டும் ஏற்கிறது. அந்தக் குழுவை, அந்தக் குழு என்பதற்காகவே அழிக்கும் நோக்கம் இருந்ததாக நிறுவவேண்டும். ஜெனீவாவிலிருந்து இயங்கும் சர்வதேச சட்ட வல்லுநர் ஆணையம் 1972-இல் வெளியிட்ட அறிக்கை இன்றளவும் கூர்மையானது. வங்காளிகள் முழுமைக்கும் எதிராக அந்த நோக்கம் இருந்ததை நிறுவுவது கடினம், அவாமி லீக்கினர் அரசியல் குழு, மாணவர்கள் எந்த வகையிலும் வராதவர்கள், ஆனால் இந்துக்களுக்கு எதிராக இனப்படுகொலை நடந்ததற்கு முகாந்திரம் வலுவாக உள்ளது என்றது. நடுநிலை நாட்டு நீதிபதிகள் பெரும்பான்மையாக உள்ள ஒரு சர்வதேசத் தீர்ப்பாயமே விசாரிக்கட்டும் என்றும் பரிந்துரைத்தது. மதச்சார்பற்ற தேசமாகத் தன்னைக் கட்டிக்கொண்டிருந்த டாக்காவுக்கு முதல் முடிவு உவப்பாக இல்லை. சொந்தத் தீர்ப்பாயத்தை விரும்பியதால் இரண்டாவதும் உவப்பாக இல்லை. இரண்டையும் ஒதுக்கியது பெரிய இழப்பு. 2022 அக்டோபரில் அமெரிக்கப் பிரதிநிதிகள் சபையில் கொண்டுவரப்பட்ட தீர்மானம் வங்காளிகள், இந்துக்கள் என இரண்டு குழுக்களையும் தனித்தனியே சொன்னது. 50 ஆண்டு தாமதமான திருத்தம் அது. வாக்கெடுப்புக்கு வராமலே அந்த அவையின் காலம் முடிந்தது.

எண்ணிக்கை அடுத்தது. வங்கதேச அரசின் எண் 30 லட்சம். 2008-இல் 'பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னல்' வெளியிட்ட ஆய்வு போர்ச் சாவுகளை 2,69,000 என்று, அதுவும் 1,25,000 முதல் 5,05,000 வரையான அகன்ற வரம்புடன், மதிப்பிட்டது. 30 லட்சத்தைக் கேள்வி கேட்டெழுதிய வெளிநாட்டுப் பத்திரிகையாளர் ஒருவரை 2014-இல் தீர்ப்பாயம் அவமதிப்புக்காகத் தண்டித்தது. அங்கீகார முயற்சிக்குத் தானே வைத்துக்கொண்ட சூடு இது. இனப்படுகொலை என்ற குற்றத்துக்கு எண்ணிக்கை ஒரு கூறு அல்ல, நோக்கம்தான் கூறு. சண்டையைத் தேவையில்லாத களத்துக்கு இழுத்துப்போய் அங்கே தோற்கும் வேலையை இன்னும் பலர் செய்கிறார்கள்.

பிறகு பிகாரிகள். உருது பேசும் அம்மக்கள் மீது 1971 மார்ச்சிலும் டிசம்பருக்குப் பிறகும் வங்காளித் தரப்பிலிருந்து கொலைகள் நடந்தன. பாகிஸ்தான் தன் 1971 வெள்ளை அறிக்கையில் அதையே தன் செயலுக்கு நியாயமாகக் காட்டியது. அது நியாயம் ஆகாது. ஆனால் விடுதலைப் போராளிகளின் செயல்களுக்கு 1973-இல் வழக்குப் பாதுகாப்பு ஆணை பிறப்பித்ததும், அந்தக் கொலைகளைக் கோப்புகளில் ஒரு பக்கம்கூட எழுதாததும் எதிர்வாதத்துக்கு உரமிட்டன.

எங்கே போவது என்பது கடைசிக் கேள்வி. சர்வதேசக் குற்றவியல் நீதிமன்றத்தின் அதிகாரம் 2002 ஜூலையிலிருந்துதான் தொடங்குகிறது. ஹேக்கிலுள்ள சர்வதேச நீதிமன்றத்தைப் பொறுத்தவரை, வங்கதேசமும் 1998-இல் ஒப்பந்தத்தில் சேர்ந்தபோது, இந்தியாவைப் போலவே 9-ஆம் பிரிவுக்குச் சம்மத நிபந்தனை வைத்துத் தன் கதவைத் தானே அடைத்துக்கொண்டது. ரோஹிங்கியாக்களுக்காக மியான்மர் மீது 2019-இல் வழக்குப் போட்டது பக்கத்து நாடான வங்கதேசம் அல்ல, காம்பியா. எஞ்சிய பாதைகள் நாடாளுமன்றத் தீர்மானங்களும் ஆய்வாளர் அமைப்புகளும்தான். சர்வதேச இனப்படுகொலை ஆய்வாளர் சங்கம் 2023 ஏப்ரலில் இனப்படுகொலை என்றே தீர்மானம் நிறைவேற்றியது. வங்கதேச நாடாளுமன்றம் 2017-இல் மார்ச் 25-ஐ இனப்படுகொலை நாளாக அறிவித்தது. ஆனால் உலக நாளாக டிசம்பர் 9-ஐ ஐ.நா. 2015-லேயே குறித்துவிட்டது.

என்ன மாற்றியிருக்க வேண்டும்

விசாரணையைக் கைவிடாமல் இருந்திருக்கலாம் என்று சொல்வது எளிது. 1,20,000 பேரின் வீடு திரும்பலை எதிர்த்தட்டில் வைத்துவிட்டு அப்படிச் சொல்ல முடியாது. மாற்றியிருக்கக்கூடியது வரிசைமுறை. 1972 ஜனவரியில் ஒத்துழைப்பாளர் ஆணையோடு சேர்த்தே போர்க்கைதிகளுக்கான ஆணையையும் கொண்டுவந்து, நூற்றுக்கணக்கில் இல்லாமல் பத்துப் பேர் மீது, ஜகந்நாத் ஹால் போன்ற ஒரே சம்பவத்துக்கு, குற்றப்பத்திரிகை பதிந்திருந்தால் 119-ஆம் பிரிவின் பாதுகாப்பு கிடைத்திருக்கும். மன்னிப்பு வழங்கவேண்டியிருந்தாலும், சாட்சியங்களைப் பதிந்து, உண்மை இன்னது என்ற முடிவை எழுதிய பிறகு வழங்கலாம். தண்டனையை விட்டுக்கொடுப்பதும் கண்டறிவை விட்டுக்கொடுப்பதும் வெவ்வேறு. 1974-இல் இரண்டும் ஒரே கையெழுத்தில் போயின.

இன்று ஆவணம் திரட்டுவோருக்கு: ஒரு சம்பவத்துக்கு ஒரு கோப்பு. தேதி, இடத்தின் வரைபடம், அங்கிருந்த படைப்பிரிவு, அதன் தலைமை, பெயருடன் பலியானோர், அவர்களின் மதமும் தொழிலும், சாட்சி எப்போது யாரிடம் பேசினார் என்ற விவரம். குல்னா மாவட்டச் சுக்நகரில் 1971 மே 20 அன்று எல்லை தாண்டக் காத்திருந்தவர்கள், பெரும்பாலும் இந்துக்கள், சில மணி நேரத்தில் ஆயிரக்கணக்கில் சுடப்பட்டனர். குழுவும் நோக்கமும் அங்கே தெளிவாகத் தெரிகின்றன. தேசிய அளவிலான எண்ணை நிறுவ முயல்வதைவிட அந்த ஒரு கோப்பை முழுமையாக்குவது பயனுள்ளது. மிர்பூர் ஜல்லாத்கானாவில் 1999-இல் தோண்டியெடுத்த 70 மண்டையோடுகளும் 5,392 எலும்புகளும் போன்ற தடயங்களை மரபணு ஒப்பீட்டுக்கு உட்படுத்துவதும் அப்படித்தான். அவர்களின் பிள்ளைகளுக்கே இப்போது அறுபது வயது ஆகிறது.

ஆவணங்களை ஒரே கட்சியின் நினைவகத்தில் மட்டும் வைப்பதும் ஆபத்து. 2024 ஆகஸ்டில் அவாமி லீக் ஆட்சி கவிழ்ந்தபோது, முஜிபின் வீடாக இருந்த தன்மண்டி 32-ஆம் எண் அருங்காட்சியகம் எரிந்தது, அடுத்த பிப்ரவரியில் இடித்தே தள்ளினார்கள். டாக்கா ஆகர்காவ் விடுதலைப் போர் அருங்காட்சியகம் போன்ற பொது அமைப்புகளிலும், நாட்டுக்கு வெளியே குறைந்தது ஓரிடத்திலும் முழுப் பிரதிகள் இருக்கவேண்டும்.

2025 ஆகஸ்டில் டாக்கா வந்த பாகிஸ்தான் வெளியுறவு அமைச்சரிடம் மன்னிப்புக் கோரிக்கை பற்றிக் கேட்டார்கள். அது 1974-லும் பிறகு 2000-களின் தொடக்கத்திலும் என இரு முறை தீர்ந்துபோன விஷயம் என்றார். வங்கதேசத் தரப்பு அதை ஏற்கவில்லை என்று அன்றே சொன்னது. இரு தரப்பும் கையில் வைத்திருப்பது ஏப்ரல் 9-இன் அதே தாள்தான்.